கார்டெல் பாடினார், எழுதியது யார்?

1992-ல் வந்த ‘சென்ட் ஆஃப் எ வுமன்’ படத்தில், பார்வையிழந்த ராணுவ அதிகாரியாக வரும் அல் பசீனோ முன்பின் தெரியாத இளம்பெண் ஒருத்தியோடு டாங்கோ ஆடும் காட்சி பிரசித்தம். படத்தைப் பார்க்காதவர்கள்கூட அந்த மெட்டை எங்கேயாவது கேட்டிருப்பார்கள். அடுத்த வருடம் ‘ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்’, அதற்கடுத்த வருடம் ‘ட்ரூ லைஸ்’ என்று ஹாலிவுட் அதைத் திரும்பத் திரும்ப எடுத்துக்கொண்டது. எல்லாவற்றிலும் வாத்திய இசைதான். அதற்கு வரிகள் உண்டு என்பதே அந்தப் படங்களை ரசித்த பலருக்குத் தெரியாது.

‘போர் உனா கபேசா’, அதாவது ‘ஒரு தலை இடைவெளியில்’ என்பது அந்தப் பாட்டின் பெயர். பந்தயத்தில் ஜெயித்துவிடும் என்று நம்பிய குதிரை, எல்லைக்கோட்டை நெருங்கும்போது தளர்ந்து, ஒரே ஒரு தலை அளவில் தோற்றுப்போகிறது. பணம் கட்டியவன் புலம்புகிறான். கொஞ்ச நேரத்தில் புலம்பல் குதிரையை விட்டுவிட்டுப் பெண்ணின் பக்கம் போய்விடுகிறது. சிரித்துக்கொண்டே காதலைச் சத்தியம் செய்தவளிடமும் இதே மாதிரிதான் தோற்றேன் என்கிறான். இனி பந்தயத்தின் பக்கமே தலைவைக்க மாட்டேன் என்கிறான். ஆனால் ஞாயிற்றுக்கிழமை நிச்சயம் ஜெயிக்கிற குதிரை ஒன்று ஓடுகிறதென்றால் இருப்பதையெல்லாம் கட்டிவிடுவேன், வேறென்ன செய்வது என்று முடிக்கிறான். சூதாடியின் மனசை இவ்வளவு சின்ன இடத்தில் இவ்வளவு சரியாகப் பிடித்த பாட்டை நான் வேறு கேட்டதில்லை. 1935-ல் வந்த இந்த டாங்கோவின் மெட்டு அர்ஜென்டினாவின் டாங்கோப் பாடகர் கார்லோஸ் கார்டெலுடையது. வரிகளை எழுதியவர் அல்ஃப்ரெடோ லெ பேரா.

கார்டெலை உலகம் அறியும். அவருடைய ஒலிப்பதிவுகளை யுனெஸ்கோ 2003-ல் உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்துக்கொண்டது. லெ பேராவின் பெயர் இசைத்தட்டின் ஓரத்தில் சின்ன எழுத்தில் இருக்கிறது. வெளியுலகம் டாங்கோவை ஆட்டமாகத்தான் வாங்கிக்கொண்டது. ஆனால் அது பிறந்த ஊர்களில் அது முதன்மையாகப் பாட்டு. அதன் வரிகளைப் பேச்சின் நடுவே பழமொழியைப் போல எடுத்துவிடுகிறார்கள். வரிகளை விட்டுவிட்டால் டாங்கோவில் பாதியை விட்டுவிட்டோம் என்றே எனக்குத் தோன்றுகிறது. அந்தப் பாதியை எழுதியவர்கள் யார், அவர்களுக்கு என்ன ஆனது என்பதுதான் இங்கே விஷயம்.

மெட்டு முதலில் வந்தது

19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் ரியோ டி லா பிளாட்டா முகத்துவாரத்தின் இரு கரைகளிலும் டாங்கோ உருவானது. ஒரு கரையில் அர்ஜென்டினாவின் புவெனஸ் ஐரிஸ், எதிர்க்கரையில் உருகுவேயின் மொண்டேவிடியோ. அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட ஆப்பிரிக்கர்களின் சந்ததியினர் வாசித்த கண்டோம்பே தாளம், கியூபாவிலிருந்து கப்பலேறி வந்த ஹபனேரா நடன இசை, நாட்டுப்புறத்து மிலோங்காப் பாட்டு, பிழைப்பு தேடி வந்த இத்தாலியர்களும் ஸ்பானியர்களும் கொண்டுவந்த பாட்டுகள் எல்லாம் அதில் சேர்ந்தன. ஜெர்மனியிலிருந்து வந்த பாண்டோனியன் என்ற துருத்தி வாத்தியம் அதன் குரலாகிவிட்டது.

ஆரம்ப டாங்கோக்களுக்கும் சில சமயம் வரிகள் இருந்தன. பெரும்பாலும் வேடிக்கை, சவடால், கொச்சை. ஆங்கெல் வில்லோல்டோவின் ‘எல் சோக்லோ’ 1903-ல் ஒரு நல்ல உணவு விடுதியில் முதன்முதலாக வாசிக்கப்பட்டபோது, டாங்கோ என்று சொன்னால் அங்கே அனுமதி கிடைக்காது என்பதால் ‘உள்ளூர் நடனம்’ என்று பெயர் போட்டு வாசித்தார்கள். கௌரவமான இடங்களில் அதற்கு அப்படித்தான் மரியாதை.

1917-ல் இது மாறியது. மொண்டேவிடியோவின் கபரே ஒன்றில் கிட்டாரோடு பாடிக்கொண்டிருந்தவர் பாஸ்குவால் கொந்தூர்சி. ஏற்கெனவே வாத்திய இசையாக இருந்த டாங்கோக்களை எடுத்து அவற்றுக்குத் தன் வரிகளைப் பொருத்திப் பாடுவது அவர் வழக்கம். சாமுவேல் காஸ்த்ரியோத்தா என்ற பியானோக்காரரின் ‘லித்தா’ என்ற மெட்டுக்கும் அப்படி எழுதினார். அதைக் கார்டெல் எடுத்துப் பாடினார். ‘மி நோச்சே திரிஸ்தே’, ‘என் சோக இரவு’ என்ற பெயரில் பதிவும் செய்தார். டாங்கோப் பாட்டின் சரித்திரத்தை எல்லோரும் இங்கிருந்துதான் தொடங்குகிறார்கள்.

அந்தப் பாட்டில் நடப்பது ரொம்பக் கொஞ்சம். காதலி விட்டுப் போய்விட்டாள். அவன் அறையில் தனியாக இருக்கிறான். அவள் வருவாளோ என்று இரவில் கதவைத் திறந்தே வைத்துத் தூங்குகிறான். அவள் இருந்தபோது வாங்கிவந்த மாதிரியே மாத்தே பானத்தோடு சாப்பிட பிஸ்கட் வாங்கிவருகிறான். கிட்டார் அலமாரிக்குள் தொங்குகிறது, அதில் பாட ஆளில்லை. விளக்குகூட அவனுக்கு வெளிச்சம் தர மனமில்லாமல் இருக்கிறது. முந்தைய டாங்கோக்களில் மார்தட்டிக்கொண்டிருந்த ஆண் இங்கே முதன்முதலாக வெளிப்படையாக அழுகிறான். அவனைச் சுற்றி ஒரு வீடும் அதன் சாமான்களும் இருக்கின்றன. மூன்று நிமிடத்தில் ஒரு சிறுகதை. அடுத்த நாற்பது வருடம் டாங்கோ எழுதிய அத்தனை பேரும் ஏதோ ஒரு விதத்தில் இந்த அறைக்குள் வந்துபோனவர்கள்தான். மறு வருடம் மனோலித்தா போலி என்ற நடிகை ஒரு மேடை நாடகத்தில் இதைப் பாட, பாட்டு ஊரெல்லாம் பரவியது.

லா கும்பர்சீத்தா வழக்கு

மற்றவர் மெட்டுக்கு வரிகள் எழுதும் அதே பழக்கம் கொந்தூர்சியை ஒரு பெரிய வழக்கில் கொண்டுபோய் நிறுத்தியது. உலகத்திலேயே அதிகம் தெரிந்த டாங்கோ என்று ஒன்றைச் சொல்ல வேண்டுமென்றால் அது ‘லா கும்பர்சீத்தா’தான். அதை அமைத்த ஹெரார்டோ மாத்தோஸ் ரொட்ரீகெஸ் மொண்டேவிடியோவில் கட்டடக்கலை படித்துக்கொண்டிருந்த மாணவர். வயது இருபதை ஒட்டி. மாணவர் சங்கத்தின் கார்னிவல் குழுவுக்காக ஒரு அணிநடை இசையாகத்தான் அதைப் போட்டார். அப்போது லா ஹிரால்டா என்ற காபி விடுதியில் வாசித்துக்கொண்டிருந்த புவெனஸ் ஐரிஸ் பியானோக் கலைஞர் ரொபெர்த்தோ ஃபிர்ப்போவிடம் அது போய்ச் சேர்ந்தது. ஃபிர்ப்போ தன் பழைய மெட்டுகளிலிருந்து சில பகுதிகளைச் சேர்த்து அதை டாங்கோவாக்கி வாசித்தார். மாத்தோஸ் பதிப்பக உரிமையை ஒரு சொற்பத் தொகைக்கு விற்றுவிட்டு வேறு வேலையைப் பார்க்கப் போய்விட்டார். கொஞ்ச காலம் ஓடிவிட்டு மெட்டும் அடங்கிப்போனது.

1924-ல் புவெனஸ் ஐரிஸில் ஒரு மேடை நாடகத்துக்காகக் கொந்தூர்சியும் என்ரிக்கே மரோனியும் அந்த மெட்டுக்கு வரிகள் எழுதினார்கள். ‘சி சுபியேராஸ்’, ‘உனக்குத் தெரிந்திருந்தால்’ என்று புதுப் பெயர். மெட்டுக்குச் சொந்தக்காரரிடம் யாரும் கேட்கவில்லை. கார்டெலும் பதிவு செய்தார். பாட்டு பிய்த்துக்கொண்டு போனது. அந்தச் சமயத்தில் பாரிஸில் இருந்த மாத்தோஸ், அங்கே வந்த இசைக்குழுத் தலைவர் ஃபிரான்சிஸ்கோ கனாரோ சொல்லித்தான் தன் மெட்டு வேறு பெயரில் வெற்றிபெற்றிருப்பதைத் தெரிந்துகொண்டார்.

பிறகு பல வருடம் வழக்கு. உரிமையை விற்றபோது தான் மேஜர் ஆகவில்லை, எனவே அந்த விற்பனை செல்லாது என்பது மாத்தோஸின் வாதம். மெட்டின் உரிமை அவரிடம் திரும்பியது. தன் பங்குக்கு அவரே வேறு வரிகளையும் எழுதினார். முடிவில்லாத துயரங்களின் ஊர்வலம் என்று தொடங்கும் அந்த வரிகளுக்கு மற்றதன் புகழ் கிடைக்கவில்லை. கடைசியில் 1948-ல் கனாரோவே மத்தியஸ்தராக இருந்து தீர்த்துவைத்தார். வருமானத்தில் 80 சதவீதம் மாத்தோஸ் தரப்புக்கு, 20 சதவீதம் கொந்தூர்சி, மரோனி தரப்புக்கு. கொந்தூர்சி அதற்குப் பதினாறு வருடம் முன்பே, 1932-ல், பாரிஸிலிருந்து நோயாளியாகத் திரும்பி இறந்துவிட்டிருந்தார். மாத்தோஸும் அதே 1948-ல் காலமானார்.

இதில் யார் பக்கம் நியாயம்? மெட்டைக் கேட்காமல் எடுத்தது தவறு, அதில் சந்தேகமில்லை. ஆனால் கொந்தூர்சியும் மரோனியும் கைவைக்காமல் இருந்திருந்தால் ‘லா கும்பர்சீத்தா’ இன்று ஒரு பழைய கார்னிவல் மெட்டாக மறக்கப்பட்டிருக்க நிறைய வாய்ப்புண்டு. ஐந்தில் ஒரு பங்கு என்பது அவர்கள் செய்த வேலைக்குக் குறைவு என்றுதான் நான் நினைக்கிறேன்.

நாடுகளுக்குள்ளும் சச்சரவு உண்டு. உருகுவே 1998-ல் சட்டம் போட்டு அதைத் தன் பண்பாட்டு, மக்கள் கீதமாக அறிவித்தது. 2000 சிட்னி ஒலிம்பிக் தொடக்க விழாவில் அர்ஜென்டின அணி அந்த இசையோடு நடந்து வந்தபோது உருகுவே எதிர்ப்புத் தெரிவித்தது. லா ஹிரால்டா இருந்த இடத்தில் இப்போது பலாசியோ சால்வோ என்ற உயரமான கட்டடம் நிற்கிறது.

பாராமவுண்டின் கவிஞர்

லெ பேரா பிறந்தது பிரேசிலின் சாவோ பாலோவில், 1900-ல், இத்தாலியிலிருந்து வந்த பெற்றோருக்கு. வளர்ந்தது புவெனஸ் ஐரிஸில். மருத்துவப் படிப்பில் சேர்ந்து அதை விட்டுவிட்டுப் பத்திரிகையில் நாடக விமர்சனம் எழுதப் போனார். பாரிஸில் பாராமவுண்ட் படக் கம்பெனியின் வேலைகளில் இருந்தபோது கார்டெலோடு சேர்ந்தார். 1932-லிருந்து கார்டெல் நடித்த படங்களுக்குக் கதை வசனமும் பாட்டும் அவரே. முதலில் பாரிஸ், அப்புறம் நியூயார்க்.

கார்டெலுக்கு இசைக்குறிப்பு எழுதத் தெரியாது. மெட்டு மனதில் வரும், பாடிக் காட்டுவார். நியூயார்க்கில் தெரிக் தூச்சி போன்றவர்கள் அதை எழுதிக் குழுவுக்கு அமைத்துக்கொடுத்தார்கள். வரிகளில் லெ பேராவுக்கு ஒரு நிபந்தனை இருந்தது. மெக்சிகோவிலும் கொலம்பியாவிலும் ஸ்பெயினிலும் ஓட வேண்டிய படம். புவெனஸ் ஐரிஸ் தெருப் பேச்சில் எழுதினால் அடுத்த நாட்டுக்காரருக்கே விளங்காது. அதனால் எல்லோருக்கும் புரிகிற, சுத்தமான ஸ்பானிஷில் எழுதினார். டாங்கோவின் காரத்தை அவர் குறைத்துவிட்டார் என்று இதைக் குறையாகச் சொல்பவர்கள் அன்றும் இருந்தார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. அந்த எளிமைதான் ‘வோல்வெர்’ என்ற பாட்டைக் கண்டம் முழுவதற்கும் சொந்தமாக்கியது. வெகுகாலம் கழித்து ஊர் திரும்புகிறவன் தூரத்து விளக்குகளைப் பார்க்கிறான். நெற்றி சுருங்கி, கன்னப்பொறி நரைத்துவிட்டது. இருபது வருடம் என்பது ஒன்றுமே இல்லை என்று தனக்குத்தானே சொல்லிக்கொள்கிறான். ஸ்பானிஷ் பேசும் நாடுகளில் அந்த ‘இருபது வருடம் ஒன்றுமில்லை’ என்ற சொல், யார் எழுதியது என்ற ஞாபகமே இல்லாமல் பேச்சில் புழங்குகிறது.

‘எல் தியா கே மே கியேராஸ்’, ‘நீ என்னை நேசிக்கும் நாளில்’ என்ற பாட்டும் அவர்களுடையது. அந்தத் தலைப்பை லெ பேரா மெக்சிகோக் கவிஞர் அமாடோ நெர்வோவின் ஒரு கவிதையிலிருந்து எடுத்தார். அதே பெயரில் வந்த படத்தில் பேப்பர் விற்கும் பையனாக ஒரு சிறுவன் வந்துபோவான். நியூயார்க்கில் குடியிருந்த அர்ஜென்டினக் குடும்பத்துப் பிள்ளை, பாண்டோனியன் வாசிக்கத் தெரிந்தவன். பெயர் ஆஸ்டர் பியாசொல்லா. கார்டெல் அவனைத் தன் இசைப் பயணத்துக்குக் கூப்பிட்டார். வயது போதாது என்று அப்பா அனுப்ப மறுத்துவிட்டார்.

1935 ஜூன் 24-ம் தேதி, அந்தப் பயணத்தின்போது கொலம்பியாவின் மெடலின் விமான நிலையத்தில், கிளம்பிய விமானம் ஓடுபாதையிலேயே இன்னொரு விமானத்தோடு மோதி எரிந்தது. கார்டெல் போய்விட்டார் என்ற செய்தி கண்டத்தையே உலுக்கியது. அதே விமானத்தில் 35 வயது லெ பேராவும் இறந்தார். மூன்றே வருடத்தில் அவர் எழுதிவைத்தவற்றில் பாதியாவது இன்றும் பாடப்படுகிறது.

மெட்டும் சொல்லும் ஒரே கையில்

என்ரிக்கே சாந்தோஸ் டிஸ்செபோலோ வேறு வகை. பெரும்பாலும் மெட்டும் அவரே, சொல்லும் அவரே. 1901-ல் புவெனஸ் ஐரிஸில், நேப்பிள்ஸிலிருந்து வந்த இசைக்கலைஞர் ஒருவரின் மகனாகப் பிறந்தார். சின்ன வயதிலேயே பெற்றோர் இருவரும் போய்விட, நாடகாசிரியரான அண்ணன் அர்மாண்டோதான் வளர்த்தார். மேடைதான் அவருக்குப் பள்ளிக்கூடம். அதனால் அவருடைய பாட்டுகளில் எப்போதும் ஒரு பாத்திரம் நம் முன்னால் வந்து நின்று பேசும்.

1930-ல் அர்ஜென்டினாவில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. உலகப் பொருளாதாரச் சரிவு வேறு. அந்த வருடம் கார்டெல் பதிவு செய்த ‘யிரா யிரா’வில் ஒருவன், கஷ்டம் வந்தால் ஒரு கையும் உதவிக்கு வராது, உலகம் யாரைப் பற்றியும் கவலைப்படாமல் சுற்றிக்கொண்டே இருக்கும் என்கிறான். நாலு வருடம் கழித்து ‘கம்பலாச்சே’. பழைய சாமான் கடையின் கண்ணாடிப் பெட்டிக்குள் எல்லாம் ஒன்றாகக் கிடப்பது போல இந்த நூற்றாண்டில் திருடனும் கனவானும், கழுதையும் பேராசிரியரும் ஒன்றாகிவிட்டார்கள் என்று கோபப்படுகிற பாட்டு. வெந்நீர் கொதிகலன் பக்கத்தில் பைபிள் கிடந்து அழுகிறது. நெப்போலியனும், விடுதலை வீரர் சான் மார்ட்டினும், ஒரு நிதி மோசடிக்காரரும், ஒரு குத்துச்சண்டை வீரரும் ஒரே வரிசையில் வருகிறார்கள். உலகம் 506-லும் குப்பைதான், 2000-லும் குப்பையாகத்தான் இருக்கும் என்று அதில் சொல்லியிருந்தார். 2000 வந்துபோன பிறகும் பாட்டு ஓயவில்லை.

டாங்கோ என்பது ஆடப்படும் சோக எண்ணம் என்று அவர் சொன்னதாக ஒரு வாசகம் உண்டு. அது அவருக்கே முழுசாகப் பொருந்துமா தெரியவில்லை. அவர் பாட்டுகளில் சோகத்தைவிட ஏமாற்றப்பட்டவனின் ஆத்திரம்தான் எனக்கு அதிகம் கேட்கிறது. 1943-ல் மரியானோ மோரெஸின் மெட்டுக்கு எழுதிய ‘உனோ’ மட்டும் விதிவிலக்கு. அதில் ஆத்திரம் அடங்கி, நேசிக்கத் தெம்பில்லாமல் போன ஒருவன் மட்டும் மிஞ்சுகிறான்.

அந்த 1943-ல்தான் இன்னொரு ராணுவப் புரட்சி. புதிய அரசு வானொலியில் லுன்ஃபார்டோவைத் தடுத்தது. லுன்ஃபார்டோ என்பது புவெனஸ் ஐரிஸின் தெருப் பேச்சு. இத்தாலிய வட்டார வழக்குகளிலிருந்து வந்த சொற்கள் அதில் ஏராளம், அசைகளை மாற்றிப் போட்டு டாங்கோவை ‘கோத்தான்’ என்று சொல்வதும் உண்டு. கொந்தூர்சி முதல் டிஸ்செபோலோ வரை பாட்டின் உயிரே அந்தப் பேச்சில்தான் இருந்தது. குடியைப் பற்றிய பேச்சும் கூடாது என்றார்கள். என்ரிக்கே கதீகாமோவின் ‘லோஸ் மரெயாதோஸ்’, போதையில் கடைசியாகச் சேர்ந்து உட்கார்ந்திருக்கும் காதலர் இருவரைப் பற்றியது. அது வரிகள் மாறி, ‘என் கடந்த காலத்தில்’ என்று தலைப்பும் மாறி ஒலிபரப்பானது. 1949-ல் பாட்டெழுதுவோர், இசையமைப்போர் சங்கமான சடாயிக்கின் பிரதிநிதிகள் ஜனாதிபதி பெரோனை நேரில் சந்தித்துப் பேசிய பிறகே பிடி தளர்ந்தது.

டிஸ்செபோலோ பெரோனை ஆதரித்தவர். 1951-ல் வானொலியில் ‘மோர்டிஸ்கிட்டோ’ என்ற கற்பனை எதிராளியிடம் பேசுவதுபோல அரசை ஆதரித்துத் தொடர்ந்து பேசினார். நெடுநாள் நண்பர்கள் முகம் திருப்பிக்கொண்டார்கள். நல்ல புகழில் இருந்த மனிதர் சில மாதங்களில் தனித்துப்போனார்.

அப்போது அவருக்காக ஒரு பாட்டு எழுதியவர் ஓமேரோ மான்சி. அவரும் சாகக் கிடந்தார். புற்றுநோயோடு மருத்துவமனையில் இருந்தபடி, நண்பனின் செல்லப் பெயரான ‘டிஸ்செபோலின்’ என்பதையே தலைப்பாக வைத்து எழுதினார். அனிபல் த்ரோய்லோ மெட்டமைத்தார். ஊரார் காயமெல்லாம் உனக்கு வலிக்கிறதே என்று அந்த மெலிந்த மனிதனைப் பார்த்துப் பேசுகிற பாட்டு அது. ஒரு பாடலாசிரியர் இன்னொருவருக்கு எழுதியதில் இதைவிட அன்பானதை நான் கண்டதில்லை. 1951 மே 3-ம் தேதி மான்சி இறந்தார். அதே டிசம்பர் 23-ம் தேதி டிஸ்செபோலோவும் போய்விட்டார், வயது 50.

மான்சி சாந்தியாகோ டெல் எஸ்டெரோ மாகாணத்தின் அன்யாத்துயாவில் 1907-ல் பிறந்தவர். சிறுவனாகப் புவெனஸ் ஐரிஸின் தென்பகுதிக்கு வந்தார். சட்டம் படிக்கப் போய், அரசியலால் கல்லூரியை விட்டு வெளியேற்றப்பட்டார். இலக்கியவாதி ஆவதா, மனிதர்களுக்குப் பாட்டு எழுதுவதா என்ற கேள்வியில் இரண்டாவதைத் தேர்ந்தெடுத்ததாக அவரே சொன்னதுண்டு. பாண்டோனியனைப் போல உடைந்த குரலில் பாடும் ஒருத்தியைப் பற்றிய ‘மலேனா’ அவருடையது. லூசியோ தெமாரே மெட்டு. அந்த மலேனா யார் என்று இன்றுவரை தேடிக்கொண்டிருக்கிறார்கள். 1948-ல் த்ரோய்லோவோடு சேர்ந்து எழுதிய ‘சூர்’, அதாவது ‘தெற்கு’, சான் ஹுவான் தெருவும் போயெதோ தெருவும் சந்திக்கும் பழைய முக்கில் தொடங்குகிறது. கொல்லன் பட்டறை, சேறு, மழைவெள்ளம், கடந்தால் பம்பா சமவெளி. ஒரு பெண்ணை இழந்ததையும் ஒரு பேட்டை மாறிப்போனதையும் பிரித்துச் சொல்ல முடியாதபடி எழுதியிருப்பார். அந்த முக்கில் இருக்கும் காபி விடுதிக்கு இப்போது அவர் பெயர்தான். அவர் இறந்த துக்கத்தில் த்ரோய்லோ ‘ரெஸ்போன்சோ’ என்ற டாங்கோவை அமைத்தார். அதற்கு வரிகள் கிடையாது.

வேறு பெயரில் எழுதியவர்

டாங்கோ எழுதுவது ஆண்களின் வேலை என்றே இருந்தது. பாடுவதற்குப் பெண்கள் வரலாம். அசுசேனா மாய்சானி ஆண் உடையில் மேடையேறிப் புகழ்பெற்றார், ‘பெரோ யோ சே’ என்ற பாட்டுக்கு மெட்டும் வரியும் அவரே எழுதினார். மரியா லூயிசா கர்னெல்லி அப்படித் தன் பெயரைப் போட்டுக்கொள்ள முடியவில்லை. 1898-ல் லா பிளாட்டா நகரில் பிறந்த அவர், லூயிஸ் மாரியோ, மாரியோ காஸ்த்ரோ என்ற ஆண் பெயர்களில் எழுதினார். ‘குவாந்தோ லியோரா லா மிலோங்கா’வும் ‘சே வா லா விதா’வும் அந்தப் பெயர்களில்தான் வெளிவந்தன. பிற்பாடு பத்திரிகையாளராக ஸ்பெயின் உள்நாட்டுப் போரிலிருந்து செய்திகள் எழுதினார். தெருப் பேச்சையும் கபரே வாழ்க்கையையும் பற்றி ஒரு நல்ல குடும்பத்துப் பெண் எழுதக்கூடாது என்ற நினைப்பு எத்தனை பேரை எழுதவே விடாமல் செய்திருக்கும் என்று நினைத்தால் வருத்தமாக இருக்கிறது.

மெக்சிகோவில் கொன்சுவேலோ வெலாஸ்கெஸுக்கு அந்தத் தடை இல்லை. ஹாலிஸ்கோ மாகாணத்தின் சியூதாத் குஸ்மானில் பிறந்து, முறையாகப் பியானோ பயின்றவர். அவர் எழுதிய ‘பேசமே முச்சோ’ ஸ்பானிஷ் மொழிப் பாட்டுகளிலேயே மிக அதிகம் பாடப்பட்டவற்றில் ஒன்று. ஸ்பானிய இசையமைப்பாளர் கிரனாடோஸின் பியானோ இசைக்கு அதில் கடன் உண்டு. ‘நிறைய முத்தமிடு’ என்று எழுதியபோது தான் யாரையும் முத்தமிட்டதே இல்லை என்று பின்னாளில் சொல்லியிருக்கிறார். இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் பிரிந்துபோகிறவர்களின் பாட்டாக அது மாறியது. 1944-ல் ஜிம்மி டார்சி குழுவின் பதிவு அமெரிக்காவில் முதலிடம் பிடித்தது. 1962 புத்தாண்டு அன்று டெக்கா நிறுவனத்தில் பீட்டில்ஸ் பாடிக்காட்டிய பாட்டுகளில் இதுவும் ஒன்று.

யார் எழுதியது என்ற கேள்வி மறைந்துபோவது டாங்கோவுக்கு மட்டும் நேர்ந்ததில்லை. ‘கார்மென்’ ஆபராவின் புகழ்பெற்ற ஹபனேராவை நாட்டுப்புறப் பாட்டு என்று நினைத்துத்தான் அந்த ஆபராவை அமைத்த பிசே எடுத்துக்கொண்டார். அது பத்து வருடம் முன்பு இறந்துபோன ஸ்பானிய இசையமைப்பாளர் செபாஸ்தியான் இராதியேரின் ‘எல் அர்ரெக்லிட்டோ’ என்று பிறகு தெரிந்ததும், அச்சிட்ட இசைப்பிரதியில் குறிப்புச் சேர்த்தார். ‘லா பலோமா’வும் அதே இராதியேருடையதுதான். ‘குவாந்தனாமேரா’வின் மெட்டைக் கியூப வானொலியில் அன்றாடச் செய்திகளைப் பாட்டாகச் சொல்லப் பயன்படுத்தியவர் ஹோசேயித்தோ ஃபெர்னாந்தெஸ், உலகம் பாடும் வரிகள் 1895-ல் விடுதலைப் போரில் விழுந்த கவிஞர் ஹோசே மார்த்தியின் கவிதைத் தொகுப்பிலிருந்து வந்தவை. ‘கிராசியாஸ் அ லா வீதா’வைக் கேட்டால் பலருக்கு அர்ஜென்டினப் பாடகி மெர்செதெஸ் சோசாவின் குரல்தான் ஞாபகம் வரும். சொல்லும் மெட்டும் சிலியின் வியோலெத்தா பார்ராவுடையவை. வாழ்வுக்கு நன்றி சொல்லும் அந்தப் பாட்டை 1966-ல் தன் இசைத்தட்டில் வெளியிட்ட அவர், 1967 பிப்ரவரியில் தற்கொலை செய்துகொண்டார்.

பியாசொல்லாவும் பைத்தியக்காரனும்

கார்டெலின் பயணத்துக்குப் போகாமல் தப்பித்த சிறுவன் வளர்ந்து, 1950-களிலிருந்து டாங்கோவின் இசையையே புரட்டிப்போட்டார். கேட்பதற்கான டாங்கோ, ஆடுவதற்கானது இல்லை. அந்த இசைக்குப் பழைய அறையும் கிட்டாரும் பொருந்தாது. பொருந்துகிற சொல்லைக் கொண்டுவந்தவர் ஒராசியோ ஃபெர்ரெர், 1933-ல் மொண்டேவிடியோவில் பிறந்த கவிஞர்.

1969-ல் புவெனஸ் ஐரிஸின் லூனா பார்க் அரங்கில் நடந்த பாட்டு விழாவில், அமெலித்தா பால்தார் அவர்களுடைய ‘பலாதா பாரா உன் லோகோ’வைப் பாடினார். தலையில் பாதி முலாம்பழம், வெறும் தோலில் வரைந்த சட்டைக் கோடுகள், இரண்டு கையிலும் டாக்சியின் ‘காலி’ப் பலகை என்று ஒரு பைத்தியக்காரன் தெருவில் வருகிறான். நிலா காயாவ் சாலையில் உருண்டு போகிறது. கடைப் பொம்மைகள் கண்ணடிக்கின்றன. பாதிப் பேச்சு, பாதிப் பாட்டு, தாளமோ வால்ஸ் பக்கம் போய்விடுகிறது. இது டாங்கோவே இல்லை என்று கூட்டத்தில் ஒரு பகுதி கூச்சல் போட்டது. பரிசு இரண்டாவதுதான். ஆனால் தெருவெல்லாம் பாடியது இதைத்தான்.

ஃபெர்ரெர் இன்னொரு வேலையும் செய்தார். கொந்தூர்சி, லெ பேரா, கதீகாமோ, மான்சி என்று டாங்கோவை எழுதியவர்கள், இசைத்தவர்கள், பாடியவர்களின் வாழ்க்கைக் குறிப்புகளைத் தேடித் தொகுத்து ‘எல் லிப்ரோ டெல் டாங்கோ’ என்ற பெரிய நூலாக்கினார். 1990-ல் அமைந்த அர்ஜென்டினாவின் தேசிய டாங்கோ அகாதெமிக்கு, 2014-ல் இறக்கும்வரை அவரே தலைவராக இருந்தார்.